வரிசை மாறினவரிடம் அக்கா கேட்டது

அக்காவை எரித்த அன்று இரண்டு வார்த்தை பேசச் சொல்லி என்னைத்தான் கூப்பிட்டார்கள். வேறு யாரைக் கூப்பிடுவார்கள்? எங்கள் கெடாவில் பீடோங்கிலிருந்து சுங்கை பட்டாணி வரைக்கும் கல்யாணம், கருமாதி, கோயில் கூட்டம் எதுவானாலும் மைக் என் கைக்குத்தான் வரும். நான் படித்தது தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் மூன்றாம் வகுப்பு. ஆனால் நான் மேடை ஏறினால் டாக்டரும் வக்கீலும் கீழே உட்கார்ந்து கேட்பார்கள். அப்படிப்பட்டவன் அன்றைக்கு எழுந்து நின்று, "இந்த அக்கா இந்த நாட்டுக்கு" என்று ஆரம்பித்தேன். மேலே ஒன்றும் வரவில்லை. "ரொம்ப நல்லா சமைப்பாங்க" என்று சொல்லிவிட்டு இறங்கிவிட்டேன். பின்னால் நின்றவர்களில் யாரோ சிரித்தது கேட்டது.

அன்றைக்குப் பேசாமல் விட்டதை இப்போது எழுதுகிறேன். எழுத்துப் பிழையை என் ஆபீஸ் பெண் பார்த்துக்கொள்வாள். அக்கா பெயரை எழுதப் போவதில்லை. அவர் மகன் வேண்டாம் என்று கேட்டுக்கொண்டான்.

அக்கா என் லோரிப் பட்டறையில் சமையல் பார்த்தவர். செமிலிங்கிலிருந்து பீடோங் போகிற சாலையில் என் பட்டறை. ஒரு காலத்தில் செம்பனைக் குலை ஏற்றுகிற ஓட்டை லோரி ஒன்றை வைத்துக்கொண்டு ஆரம்பித்தேன். இன்றைக்கு அந்தச் சாலையில் நின்று யாரைக் கேட்டாலும் கைகாட்டுவார்கள். டிரைவர்களுக்குச் சோறு போட ஒரு கொட்டகை போட்டு, அதற்கு ஒரு ஆள் தேடியபோது அக்காவே வந்து நின்றார். எனக்கு அவரைச் சின்ன வயதிலிருந்தே தெரியும். சிடாம் கிரி பக்கம் தோட்டத்தில் அவர் பால்மரம் வெட்டி ரப்பர்ப் பால் எடுத்துக்கொண்டிருந்தபோது நான் லோரியில் பின்னால் தொங்கிக்கொண்டு போகிற பையன். அதனால்தான் ஊரே என்னை முதலாளி என்று கூப்பிட்டபோதும் அவர் மட்டும் தம்பி என்றார், 'நீ' என்றார். நானும் விட்டுவிட்டேன். அவர் வைக்கிற கருவாட்டுக் குழம்புக்கு 'டேய்' என்றால்கூடப் பொறுத்துக்கொள்ளலாம்.

கொட்டகையில் ஒரு டிவி இருந்தது. டிரைவர்கள் படம் பார்க்கத்தான் வாங்கிப் போட்டேன். ஆனால் பாராளுமன்றம் கூடுகிற நாளில் காலையில் அதில் கேள்வி நேரம்தான் ஓடும். அக்கா வெங்காயம் உரித்துக்கொண்டே பார்ப்பார். யாராவது ரிமோட்டைத் தொட்டால் அன்றைக்கு அவன் தட்டில் மீன் வால்தான் விழும். பையன்கள் முனகுவார்கள். "அக்கா, அங்க என்னா நடக்குதுன்னு உங்களுக்குப் புரியுதாலா?" என்று ஒருத்தன் கேட்டான். "உனக்குப் படம் புரியுதா? அதே மாதிரிதான்" என்றார்.

அவருக்கு அது பாராளுமன்றமாகத் தெரியவில்லை, பெரட்டாகத் தெரிந்தது. தோட்டத்தில் இருந்தவர்களுக்குத்தான் பெரட்டு தெரியும். விடிவதற்கு முன்னால் ஆபீஸ் திடலில் எல்லாரும் வந்து நிற்க வேண்டும். ஒவ்வொரு கங்காணிக்கும் ஒரு வரிசை. ஆபீஸ் கணக்கர் கிராணி ஒவ்வொரு பெயராகச் சத்தம் போட்டுக் கூப்பிடுவார். பெயரைக் கேட்டதும் குரல் கொடுக்க வேண்டும். வேறு வரிசையில் நின்று குரல் கொடுத்தால் அன்றைக்கு வேலை இல்லை, வீட்டுக்குப் போக வேண்டியதுதான். அக்காவுக்கு இருநூற்று இருபத்திரண்டு பேர் கொண்ட அந்தச் சபையும் அதுதான். இந்தப் பக்கம் ஒரு வரிசை, அந்தப் பக்கம் ஒரு வரிசை. நடுவில் உயரத்தில் உட்கார்ந்திருக்கிற சபாநாயகர் பெரிய கிராணி. யார் எங்கே உட்கார்ந்திருக்கிறார், போன தடவை எங்கே உட்கார்ந்திருந்தார், யார் வரவில்லை, யார் தூங்குகிறார், எல்லாம் சொல்வார். எங்களுக்குப் பொழுதுபோக்கு. அவருக்கு அப்படி இல்லை.

அக்காவிடம் இருந்தது சிவப்புக் கார்டு.

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். இந்த நாட்டுக் குடிமக்களுக்கு நீல அடையாளக் கார்டு. இங்கேயே இருக்கலாம், ஆனால் குடிமகன் இல்லை என்று சொல்லப்பட்டவர்களுக்குச் சிவப்பு. அக்கா பிறந்தது சிடாம் கிரி தோட்டத்து லயத்தில். பிறந்ததை அப்பன் போய்ப் பதியவில்லை. பிறகு பதியப் போனபோது அத்தாட்சி கேட்டார்கள். மருத்துவச்சி செத்துப் போயிருந்தாள். அவ்வளவுதான், கதை முடிந்தது. அவர் புருஷனுக்கு நீலம், பிள்ளைகளுக்கு நீலம், இந்த ஒரு பொம்பிளைக்கு மட்டும் கடைசி வரைக்கும் சிவப்பு. மனு மேல் மனு போட்டார். பதில் வரும், அல்லது வராது.

எதற்காக அவருக்கு அந்த நீலக் கார்டு வேண்டியிருந்தது என்பதை ஒரே ஒரு தடவைதான் என்னிடம் சொன்னார். தேர்தல் அன்று பட்டறையில் எல்லாருக்கும் லீவு. நான் ஓட்டுப் போட்டுவிட்டு வந்து கோப்பி கேட்டேன். கோப்பியை வைத்துவிட்டு அக்கா கேட்டார்.

"தம்பி, உள்ள போனா பேரைச் சத்தமா கூப்பிடுவாங்களாமே, நெசமா?"

"ஆமா. கார்டைப் பார்த்து பேரையும் நம்பரையும் சத்தமா படிப்பாங்க. கட்சி ஆளுங்க உக்காந்து குறிச்சுக்குவாங்க."

"அது ஒருவாட்டி கேக்கணும் தம்பி. பெரட்டுல பால் வெட்டக் கூப்பிட்டாங்க. இதுக்கு ஒருவாட்டி கூப்பிடட்டும்."

அவ்வளவுதான் சொன்னார். பாத்திரம் கழுவப் போய்விட்டார்.

அக்காவுடைய இன்னொரு குணத்தை இங்கே சொல்லியாக வேண்டும். பிறகு நடந்ததெல்லாம் அதனால்தான். தோட்டத்தில் ஒரு முறை இருந்தது. ஒரு கங்காணியை விட்டு இன்னொரு கங்காணி வரிசைக்கு மாற யாருக்கும் தடை இல்லை. ஆனால் முந்தின நாள் சாயங்காலம் பழைய கங்காணி வீட்டுக்குப் போய், வெற்றிலை பாக்கு வைத்து, நாலு பேர் பார்க்க, 'நாளையிலிருந்து நான் அந்த வரிசையில் நிற்கப் போகிறேன்' என்று வாயால் சொல்ல வேண்டும். அவன் திட்டுவான், கேட்டுக்கொள்ள வேண்டும். அதற்குப் பிறகு எங்கே நின்றாலும் யாரும் ஒரு வார்த்தை பேச மாட்டார்கள். சொல்லாமல் மாறினவனுக்குத் தோட்டத்தில் பெண் கொடுக்கவே யோசிப்பார்கள்.

தோட்டம் போயிற்று, லயம் போயிற்று, அந்த இடத்தில் இப்போது வீடமைப்பு. அக்கா மட்டும் அந்த முறையை விடவில்லை. மெர்போக் சீனன் கடையில் சாமான் வாங்கிக்கொண்டிருந்தவர், ஒரு நாள் அந்தக் கடைக்குப் போய் எதுவும் வாங்காமல் நின்றாராம். "தவுக்கே, உங்க கருவாடு சரியில்ல. நாளையிலேர்ந்து நான் எதுத்த கடையில வாங்கப் போறேன்" என்று சொல்லிவிட்டு வந்தாராம். கடை முதலாளியான தவுக்கே சிரிப்பதா கோபப்படுவதா என்று தெரியாமல் நின்றுவிட்டு, அடுத்த வாரம் பினாங்கிலிருந்து புதுக் கருவாடு இறக்கி ஆள் அனுப்பினார். கோயில் நிர்வாகத்தில் சண்டை வந்து இரண்டு அணியானபோது பழைய தலைவருக்கு எதிராகக் கை தூக்க முடிவு செய்தார் அக்கா. அதற்கு முதல் நாளே அவர் வீட்டுக்குப் போய்ச் சொன்னார். தலைவரின் மனைவி கதவைச் சாத்தினாள். அக்கா கதவுக்கு வெளியில் நின்றே சொல்லிவிட்டு வந்தார்.

என்னிடமும் ஒரு தடவை வந்தார். தொழிற்சாலை கேண்டீன் ஒன்றில் கூடக் கூலி கொடுத்துக் கூப்பிட்டிருந்தார்கள். காலையிலேயே என் வீட்டு வாசலில் வெற்றிலையோடு நின்றார். நான் கூலியை உயர்த்திக் கொடுத்து நிறுத்திக்கொண்டேன். அப்போது சிரித்துக்கொண்டே சொன்னேன்: "அக்கா, நான் மூணு தவுக்கேகிட்ட மாறினவன். ஒருத்தன்கிட்டயும் சொன்னதில்ல. சொல்லியிருந்தா இன்னும் லோரியில கட்டை ஏத்திக்கிட்டுதான் இருப்பேன்."

"அதான் உன்கிட்ட வேலை பாக்கறவனும் சொல்லாம ஓடறான்" என்றார்.

அது உண்மைதான். என் பட்டறையில் டிரைவர்கள் சம்பளம் வாங்கின மறுநாள் காணாமல் போவார்கள். அதற்கும் நான் முன்னேறியதற்கும் என்ன சம்பந்தம்? எனக்கு இன்றைக்கும் புரியவில்லை.

ரெண்டாயிரத்துப் பதினெட்டில் நாடே தலைகீழானது. சுதந்திரம் வாங்கின நாளிலிருந்து ஒரே பக்கம் உட்கார்ந்திருந்தவர்கள் எதிர்ப்பக்கம் போனார்கள். எதிர்ப்பக்கம் இருந்தவர்கள் இந்தப் பக்கம் வந்தார்கள். எங்கள் கெடாக்காரர் ஒருவர், தொண்ணூறு வயதைத் தாண்டினவர், பிரதமராக வந்து உட்கார்ந்தார். புதுச் சபாநாயகர், புது மந்திரிகள், துணைப் பிரதமராக ஒரு பெண். அக்கா அன்றைக்குப் பாயாசம் வைத்தார். "ரெண்டு வரிசையும் இடம் மாறி உக்காந்திருக்கு தம்பி. ஆனா பாரு, எல்லாம் ஜனங்ககிட்ட சொல்லிட்டு மாறினது. இதுதான் மொறை" என்றார்.

அந்தச் சபையில் ஒரு ஒய்.பி. இருந்தார்; எம்.பி.யை இங்கே அப்படித்தான் கூப்பிடுவார்கள். எங்கள் தொகுதிக்காரர் இல்லை. கெடாக்காரரும் இல்லை. மலாய்க்காரர், தெற்குப் பக்கம் ஏதோ ஒரு ஊர். அவர் பெயரும் இங்கே வேண்டாம். ஒரு நாள் கேள்வி நேரத்தில் எழுந்து சிவப்புக் கார்டுக்காரர்களைப் பற்றிப் பேசினார். இந்த மண்ணில் பிறந்து, இந்த மண்ணில் மரம் வெட்டி, கிழவியாகியும் குடிமகளாகாத பெண்களைப் பற்றிச் சொன்னார். அக்கா கத்தியைக் கீழே வைத்துவிட்டார். டிவி பக்கத்தில் போய் நின்றுகொண்டார். அன்றைக்குச் சாம்பார் அடிப்பிடித்துவிட்டது. அத்தனை வருஷத்தில் அது ஒரு நாள்தான்.

அதற்குப் பிறகு அவர் 'நம்ம ஒய்.பி.' ஆகிவிட்டார். டிவியில் சபையைக் காட்டினால் அக்காவின் கண் முதலில் அவர் நாற்காலிக்குத்தான் போகும். சில மாதம் கழித்து அவர் சுங்கை பட்டாணிக்கு ஏதோ கூட்டத்துக்கு வந்தார். அக்கா பஸ் பிடித்துத் தனியாகப் போய், கூட்டத்தில் முண்டி, அவரைப் பார்த்துவிட்டார். என்னிடம் சொல்லியிருந்தால் காரில் கொண்டுபோய் முதல் வரிசையில் உட்கார வைத்திருப்பேன். சொல்லவில்லை. ஒய்.பி. இவருடைய இரண்டு கையையும் பிடித்துக்கொண்டு, "மக்சிக், இதை நான் பார்த்துக்கொள்கிறேன்" என்றாராம். மக்சிக் என்றால் மலாயில் பெரியம்மா மாதிரி. அரசாங்க ஆட்களில் யாரும் அதுவரைக்கும் இவரை அப்படிக் கூப்பிட்டதில்லை. கவுண்டரில் எல்லாரும் நம்பரைத்தான் கூப்பிட்டிருக்கிறார்கள். மனுவுக்கு அவர் சிபாரிசு எழுதினார், போன் பண்ணிக் கேட்டார், பெரிய இடத்திலிருந்து தலையசைப்பும் வந்தது. இன்னும் கொஞ்ச நாள் என்றார்கள்.

அந்தக் கொஞ்ச நாள் முடிவதற்குள் அரசாங்கம் விழுந்தது.

எல்லாருக்கும் தெரிந்த கதைதான். கிழவர் பதவியை விட்டார். ஒரு கூட்டம் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் போனது. தேர்தலே இல்லாமல் புதுப் பிரதமர், புது மந்திரிகள். அந்த வாரம் பட்டறையில் யாரும் வேலை பார்க்கவில்லை, போனைத்தான் பார்த்தார்கள். மூன்றாம் நாளோ நாலாம் நாளோ ஒரு படம் வந்தது. புதுப் பிரதமருக்குப் பின்னால் வரிசையாக நின்றவர்களில் நம்ம ஒய்.பி.யும் நின்றார். சிரித்துக்கொண்டு நின்றார். அடுத்து வந்த பட்டியலில் அவர் துணை மந்திரி.

"தவளை, தவளை" என்று டிரைவர் பையன்கள் கத்தினார்கள். கட்சி தாவுகிறவர்களை இங்கே அப்படித்தான் சொல்வார்கள்.

அக்கா அதட்டினார். "தவளைன்னு சொல்லாத. அதுக்கு வாய் பேச வராது, குதிக்குது. இவருக்கு வாய் இருக்கு." பிறகு என்னைப் பார்த்து மெதுவாகக் கேட்டார். "சொல்லிட்டுப் போனாரா தம்பி? அவரு ஊர் ஜனங்ககிட்ட?"

அரசியலில் யார் சொல்லிவிட்டுப் போகிறார்கள்?

பிறகு வியாதிக் காலம் வந்தது. சபையே கூடவில்லை. கூடினால் ஒரே நாள், மன்னர் உரையோடு சரி. ஜூலையில் கூடினபோது முகமூடியோடு, நடுவில் கண்ணாடித் தட்டி வைத்து உட்கார்ந்திருந்தார்கள். முதல் வேலையாகப் பெரிய கிராணியை மாற்றினார்கள். இரண்டே ஓட்டு வித்தியாசம். "கிராணியை மாத்தறாங்கன்னா பேரைத் திருத்தப் போறாங்கன்னு அர்த்தம்" என்றார் அக்கா. தோட்டத்தில் அப்படித்தான் நடக்கும். நம்ம ஒய்.பி. எந்தப் பக்கம் கை தூக்கினார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

எனக்கு அதில் வருத்தமே இல்லை. சந்தோஷம். நமக்குத் தெரிந்த ஆள் துணை மந்திரியாகிவிட்டார், வேறென்ன வேண்டும்? முன்னால் சிபாரிசுதான் எழுத முடிந்தது, இப்போது ஒரு போன் போட்டால் காரியம் நடக்கும். நான் வாழ்க்கையில் மேலே வந்ததே இந்த மாதிரி நேரத்தைச் சரியாகப் பிடித்ததால்தான். அந்த வருஷக் கடைசியில் அவர் சுங்கை பட்டாணியில் ஒரு ஹோட்டலுக்கு வருகிறார் என்று எனக்குத் தகவல் வந்தது. எனக்கு வராத தகவலா? பத்து நிமிஷம் கேட்டு வாங்கினேன். யாராலும் முடியாது, எல்லாக் கதவும் மூடியிருந்த காலம் அது. அக்காவின் மகனைக் கூப்பிட்டு மனுவின் நகலெல்லாம் ஒரு உறையில் போடச் சொன்னேன்.

அக்கா வர மாட்டேன் என்று சொல்லவில்லை. அதுதான் எனக்கு ஆச்சரியம். நல்ல சேலை கட்டி, மகனோடு என் காரில் ஏறினார். மடியில் ஒரு பிளாஸ்டிக் பை. அதில் வெற்றிலை பாக்கு. மரியாதைக்குக் கொண்டுவருகிறார் என்று நான் நினைத்துக்கொண்டேன்.

ஹோட்டல் மாடியில் ஒரு அறை. எட்ட எட்ட நாற்காலி. துணை மந்திரி உள்ளே வந்ததும் முகமூடிக்கு மேலேயே இவரை அடையாளம் கண்டுகொண்டார். அதை ஒப்புக்கொள்ள வேண்டும், அந்த மனிதருக்கு மறக்கவில்லை. "மக்சிக்! இன்னுமா நீலக் கார்டு வரவில்லை?" என்று மலாயில் கேட்டார். உதவியாளரைப் பார்த்துக் கை நீட்டினார். நான் உறையை எடுத்து அக்கா கையில் கொடுத்தேன். நீட்டினால் முடிந்தது. ஒரு முழம் தூரம்.

அக்கா உறையைக் கொடுக்கவில்லை. மடியிலிருந்த வெற்றிலையை எடுத்து மேசை மேல் வைத்தார். தோட்டத்து மலாயில், நிறுத்தி நிறுத்திக் கேட்டார்.

"ஒய்.பி., நீங்க அந்தப் பக்கத்திலேர்ந்து இந்தப் பக்கம் வந்தீங்களே. உங்களுக்கு ஓட்டுப் போட்டவங்க வீட்டுக்குப் போய்ச் சொல்லிட்டீங்களா?"

அவர் சிரித்தார். "மக்சிக், அது அரசியல். அதெல்லாம் பெரிய கதை."

"சொல்லிட்டு வாங்க ஒய்.பி. வெத்தலை எடுத்துட்டுப் போங்க. திட்டுவாங்க, கேட்டுக்குங்க. நான் துங்கு."

துங்கு என்றால் காத்திருப்பது. நான் காத்திருக்கிறேன் என்று சொல்லி, உறையைத் திரும்பவும் பைக்குள் வைத்துக்கொண்டார்.

துணை மந்திரியின் கண்ணில் கோபம் இல்லை. எனக்கு என்னவோ ஒரு வினாடி அவர் பதில் சொல்லப் போகிறார் என்று தோன்றியது. உதவியாளர் கடிகாரத்தைக் காட்டினான். அவர் எழுந்து, நெஞ்சில் கை வைத்து வணக்கம் சொல்லிவிட்டுப் போய்விட்டார். வெற்றிலை மேசை மேலேயே கிடந்தது.

காரில் மகன்தான் முதலில் வெடித்தான். "உங்களுக்குச் சிவப்புக் கார்டுன்னு நாங்க எத்தனை எடத்துல தலை குனிஞ்சு நின்னிருக்கோம். உங்க மொறையை வச்சு நாங்க என்னம்மா பண்றது?" அவன் அழுதான். தொழிற்சாலையில் சூப்பர்வைசர், மீசை வைத்தவன், அழுதான். நானும் சொன்னேன். வண்டியை ஓரமாக நிறுத்தி, திரும்பிப் பார்த்துச் சொன்னேன். எத்தனை பெரிய மனிதர்கள் அவர் முன்னால் கைகட்டி நிற்கிறார்கள், இவர் போய்க் கேள்வி கேட்கிறார், என் பெயர் என்ன ஆவது என்றேன்.

"உன் பேருக்கு ஒண்ணும் ஆவாது. அதை எத்தனை பேர் கூப்பிடறாங்க" என்றார்.

வண்டியைத் திரும்பக் கிளப்பி செமிலிங் பக்கம் ஓட்டினேன். பெரிய இறுமாப்புக்காரி என்று நினைத்துக்கொண்டேன். ஒரு பக்கம் கோபம். இன்னொரு பக்கம், உள்ளதைச் சொன்னால், எனக்கு அந்தத் தைரியம் பிடித்திருந்தது. நான்கூட மந்திரியிடம் அப்படிப் பேசினதில்லை.

அடுத்த வருஷம் அவசரகாலம் என்று சபையை மூடினார்கள். மாதக்கணக்கில் டிவியில் அந்த நாற்காலிகளே தெரியவில்லை. அக்கா காலையில் வெறும் செய்தியை வைத்துவிட்டு உட்கார்ந்திருப்பார். சபை திறந்த கொஞ்ச நாளில் அந்தப் பிரதமரும் போனார். அதே சபை, அதே ஆட்கள், மூன்றாவது பிரதமர். இந்தத் தடவை நம்ம ஒய்.பி.க்கு மந்திரி நாற்காலி இல்லை. பின் வரிசையில் உட்கார வைத்துவிட்டார்கள். "பாருங்கக்கா, இருந்த ஒரு கதவையும் சாத்திட்டீங்க" என்றேன். அக்கா முன்னைவிடக் கவனமாகப் பார்க்க ஆரம்பித்தார். ஒய்.பி. எழுந்தால் போதும், பையன்களைப் பேசாதே என்பார். அவர் ரோடு பற்றிப் பேசுவார், வெள்ளம் பற்றிப் பேசுவார், உட்கார்ந்துவிடுவார். அக்கா திரும்பவும் அடுப்பு பக்கம் போவார்.

அந்தச் சபையின் கடைசி வருஷம். கட்சி மாறினால் நாற்காலி போய்விடும் என்று ஒரு சட்டம் கொண்டுவந்தார்கள். இரண்டு பக்கமும் சேர்ந்து ஆதரித்தது, எதிர்த்து ஒரு கைகூட இல்லை. எங்கள் பையன்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். தாவினவனெல்லாம் தாவக் கூடாது என்று கை தூக்குகிறான் என்றார்கள். நம்ம ஒய்.பி.யும் எழுந்து பேசினார். ஜனங்கள் கொடுத்த நம்பிக்கை, பொறுப்பு, நாட்டுக்கு நல்ல சட்டம் என்றார். நன்றாகத்தான் பேசினார். அக்கா கரண்டியோடு டிவிக்கு முன்னால் நின்றார். ஒய்.பி. பேசி முடித்து உட்கார்ந்தார். அக்கா இன்னும் நின்றுகொண்டிருந்தார். அடுத்த ஆள் பேச ஆரம்பித்து வெகுநேரம் ஆகியும் நின்றுகொண்டிருந்தார்.

சபையைக் கலைத்தார்கள். மழைக் காலத்தில் தேர்தல் வைத்தார்கள். நான் குடை பிடித்துக்கொண்டு போய் ஓட்டுப் போட்டேன். யாருக்கும் பெரும்பான்மை இல்லை என்று விடியற்காலையில் தெரிந்தது. யார் யாரோடு சேர்வார், யார் பிரதமர், ஒன்றும் புரியவில்லை. எனக்குக் கணக்குப் புரியாதபோது நான் போகிற ஒரே இடம் அக்கா. மறுநாள் மெர்போக்கில் அவர் மகன் வீட்டுக்குப் போனேன். அப்போதே அவர் பட்டறைக்கு வருவதை நிறுத்தியிருந்தார், முட்டி வலி. நிறுத்துவதற்கு முதல் நாளே வந்து சொல்லிவிட்டுத்தான் நிறுத்தினார்.

டிவி அணைந்திருந்தது. அக்கா தரையில் காலை நீட்டி உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தார்.

"என்னாக்கா, நாடே டிவி பாக்குது. நீங்க பாக்கலையா?"

"கண்ணு வலிக்குது தம்பி. ஓட்டுப் போட்டியா?"

"போட்டேன். யாருக்குன்னு சொல்லட்டுமா?"

"வேணாம். நீ போட்டவரு நாளைக்கு எங்க போய் உக்காருவாரோ. உனக்குத்தான் வெக்கம்."

நான் சிரித்தேன். நல்ல செய்தி ஒன்று வைத்திருந்தேன், அதைச் சொன்னேன். நம்ம ஒய்.பி. வேறொரு கொடியில் நின்றார், தோற்றுப்போனார், கட்டின டெபாசிட் பணமும் போயிற்று என்றேன். அக்காவுக்குச் சந்தோஷமாக இருக்கும் என்றுதான் சொன்னேன். அந்த ஹோட்டல் அறையில் அவ்வளவு நெஞ்சை நிமிர்த்திக் கேட்ட பொம்பிளை, இதைக் கேட்டு ஒரு சிரிப்பாவது சிரிப்பார் என்று நினைத்தேன்.

அக்கா கையிலிருந்த கீரையைத் தட்டில் வைத்தார்.

"தோத்துட்டாரா?"

"ஜனங்க விடுவாங்களாக்கா?"

வெளியில் மழை விட்டு ஓட்டிலிருந்து தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

"அன்னைக்கு அவரு மூஞ்சியைப் பாத்தியா தம்பி? வெத்தலையைப் பாத்துட்டு சொல்ல வந்தாரு. நீயும் பாத்தே. போய்ச் சொல்லிட்டு வந்துடுவாருன்னுதான் நான் நெனச்சேன். ஒவ்வொருவாட்டி எந்திரிக்கும்போதும் இன்னைக்குச் சொல்லிடுவாருன்னுதான் பாத்துக்கிட்டே இருந்தேன். நெசமாவே காத்துக்கிட்டுதான் இருந்தேன்."

நான் அவரையே பார்த்தேன். இத்தனை வருஷம் நான் இறுமாப்பு என்று நினைத்தது அது இல்லை.

"அத்தனை பேர் உக்காந்திருக்கிற சபையில என்னையப் பத்திப் பேசினவரு அவரு ஒருத்தருதான். இனிமே அங்க யாரு இருக்கா?"

என்னிடம் பதில் இருந்தது. எப்போதும் இருக்கும். புது மந்திரி வருவார், எனக்கு ஆள் தெரியும், திரும்பவும் மனுப் போடலாம், உறை வீட்டில்தானே இருக்கிறது என்று சொல்ல ஆரம்பித்தேன். அக்கா மறுபடியும் கீரையை எடுத்து ஒவ்வொரு தண்டாக உடைக்க ஆரம்பித்தார். அவருக்குக் கேட்டிருக்காது. நானும் சத்தமாகச் சொல்லவில்லை.